யாகுசா கும்பலில் ஓர் அலுவலக முகம்: ரென் ஓசுகி

உங்கள் கேள்வியைச் சுருக்கினால் இப்படி வருகிறது: 'சோனாட்டீன்', 'கியூர்', 'ஆடிஷன்' என்ற மூன்று ஜப்பானியப் படங்களையும் அடுத்தடுத்துப் பார்த்தீர்கள். இயக்குநர்கள் வேறு, கதைகள் வேறு. ஆனால் மூன்றின் நடிகர் பட்டியலிலும் ரென் ஓசுகி என்ற பெயர் இருக்கிறது. எதிலும் அவர் கதாநாயகன் இல்லை. யார் இவர், பெரிய வேடம் இல்லாமலே எல்லோரும் ஏன் இவரைத் தேடிப் போனார்கள்?

பெயரைக் கவனித்ததற்கே உங்களைப் பாராட்ட வேண்டும். ஜப்பானிலேயே நெடுங்காலம் இவர் முகம் தெரிந்து பெயர் தெரியாத ஆளாகத்தான் இருந்தார். 'ஆடிஷன்' படத்தில் முகமும் தெரியாது. அந்தச் சாக்குமூட்டைக்குள் கிடப்பவர் இவர்தான். பிற்காலத்தில் பத்திரிகைகள் 'முன்னூறு முகங்கள் கொண்ட மனிதர்' என்று பட்டம் கொடுத்தன. அந்தப் பட்டத்தில் எனக்கு உடன்பாடு இல்லை. ஓசுகியிடம் இருந்தது ஒரே முகம்: மாதச் சம்பளக்காரரின் முகம். அதை மாற்றிக்கொள்ள அவர் பெரிதாக முயன்றதும் இல்லை. யாகுசா எனப்படும் ஜப்பானியக் குற்றக் கும்பலும் சரி, காவல் துறையும் சரி, உள்ளே போய்ப் பார்த்தால் அலுவலகங்கள். மேலே ஒருவர் உத்தரவு போடுவார், கீழே சிலர் உயிரை விடுவார்கள், நடுவில் ஒருவர் தொலைபேசியை எடுத்துப் பேசியாக வேண்டும். அந்த நடு ஆள்தான் ஓசுகி. அவருடைய திரைவாழ்வை இந்த ஒரு நூலைப் பிடித்துக்கொண்டே சொல்லிவிடலாம் என்று நினைக்கிறேன்.

அவருக்கு முந்தைய தலைமுறையைப் பற்றிக் கொஞ்சம் சொன்னால்தான் இதிலுள்ள புதுமை விளங்கும். 1960களிலும் 70களிலும் தோயெய் என்ற திரைப்பட நிறுவனம் யாகுசா படங்களை வரிசையாக எடுத்துத் தள்ளியது. அதன் கியோட்டோ ஸ்டூடியோவில் பெயர் இல்லாத நடிகர்கள் பெரிய பொது அறை ஒன்றில் கூட்டமாகக் காத்திருப்பார்கள். கூப்பிட்ட படத்துக்குப் போய் வெட்டுப்பட்டோ சுடப்பட்டோ சாவது அவர்கள் வேலை. அந்த அறையிலிருந்து பேர் வாங்கியவர் தகுசோ கவாத்தானி. இயக்குநர் கின்ஜி ஃபுகசாகுவின் ஹிரோஷிமா யாகுசா வரிசையில் 1973இல் வந்த இரண்டாம் படத்தில் அவரைக் கயிற்றில் கட்டி மோட்டார் படகால் கடலில் இழுப்பார்கள். 1975இல் வந்த வேறொரு ஃபுகசாகு படத்தில் விசாரணை அறையில் உடைகளை உரித்துப் போலீஸ்காரர்கள் புரட்டி எடுப்பார்கள். கவாத்தானியும் கூட்டாளிகளும் தங்களைப் 'பிரானா படை' என்று அழைத்துக்கொண்டார்கள். அவர்களுடைய நடிப்பு உடம்பைப் பணயம் வைக்கும் நடிப்பு. எவ்வளவு சத்தமாக, எவ்வளவு கோரமாகச் செத்தால் கேமரா நம் பக்கம் திரும்பும் என்ற போட்டி அதில் இருந்தது. எனக்கு அந்தப் படங்கள் மிகவும் பிடிக்கும். ஆனால் ஓசுகி முற்றிலும் வேறு பள்ளியிலிருந்து வந்தவர்.

1951 செப்டம்பரில் ஷிகோகு தீவில், டொகுஷிமா மாகாணத்தின் கொமட்சுஷிமா என்ற துறைமுக ஊரில் பிறந்தார். இயற்பெயர் தகாஷி. படிப்பதற்காக டோக்கியோ வந்து மெய்ஜி பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார், முடிக்கவில்லை. வத்தாரு தகாடா என்ற பாடகரின் தீவிர ரசிகர். அந்தப் பாடகரின் மகன் பெயர் ரென். அதையே தன் மேடைப் பெயராக எடுத்துக்கொண்டார். தலைவரின் பெயரை வைத்துக்கொள்ளும் ரசிகர்கள் உண்டு. தலைவர் வீட்டுக் குழந்தையின் பெயரை வைத்துக்கொண்டவரை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை.

1974இல் ஷோகோ ஓட்டா நடத்திய டென்கேய் கெகிஜோ என்ற நாடகக் குழுவில் சேர்ந்தார். இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டும், ஏனென்றால் பிறகு வருவது எல்லாவற்றுக்கும் வேர் இங்கேதான் இருக்கிறது. ஓட்டாவின் நாடகங்கள் மௌனத்துக்கும் மெதுவான அசைவுக்கும் பேர் போனவை. 1981இல் அக்குழு மேடையேற்றிய 'தண்ணீர் நிலையம்' நாடகத்தில் வசனமே கிடையாது. மேடை நடுவே உடைந்த குழாய் ஒன்று. அதிலிருந்து நூல் போலத் தண்ணீர் விழுந்துகொண்டே இருக்கும். யார் யாரோ வருவார்கள், குடிப்பார்கள், போவார்கள். கையையோ வாயையோ வைத்துத் தண்ணீரை மறிக்கும்போது மட்டும் அந்த ஓசை நிற்கும். அந்த நிசப்தம்தான் நாடகத்தின் வசனம். நடையின் வேகம் இரண்டு மீட்டர் கடக்க ஐந்து நிமிடம் என்று சொல்வார்கள். கேரளத்தைச் சேர்ந்த இயக்குநர் சங்கர் வெங்கடேஸ்வரன் இந்த நாடகத்தை இந்தியாவில் மேடையேற்றியிருக்கிறார். அதைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்வது உடனே புரியும்.

இப்படிப்பட்ட குழுவில் பதினான்கு ஆண்டுகள் இருந்தவருக்கு என்ன கைவரும்? எதுவும் செய்யாமல் பிறர் பார்வையில் நிற்கும் துணிச்சல் வரும். பெரும்பாலான நடிகர்களுக்கு அதுதான் பயம். வசனம் இல்லாத நேரத்தில் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் சிகரெட்டைத் தேடுவார்கள், புருவத்தை உயர்த்துவார்கள். ஓசுகி சட்டகத்தின் ஓரத்தில் நிற்கும்போது வெறுமனே நிற்பார். அவர் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்பது நமக்குத் தெரியும். என்ன நினைக்கிறார் என்பது தெரியாது. குற்றப் படத்துக்கு இதைவிட வேறென்ன வேண்டும்?

மௌன நாடகத்தில் நடித்து யாரும் வாடகை கட்ட முடியாது. 1980 முதல் ஓசுகி 'பிங்க்' படங்களில் நடிக்க ஆரம்பித்தார். இவை தனித் திரையரங்குகளுக்காக எடுக்கப்பட்ட, சுமார் ஒரு மணி நேரம் ஓடும், வயது வந்தோருக்கான சிறு முதலீட்டுப் படங்கள். சில நாட்களில் படப்பிடிப்பை முடித்துவிடுவார்கள். குறிப்பிட்ட எண்ணிக்கையில் படுக்கையறைக் காட்சிகள் இருந்துவிட்டால் மீதியை இயக்குநர் இஷ்டப்படி எடுத்துக்கொள்ளலாம் என்பது அந்தத் தொழிலின் எழுதப்படாத ஒப்பந்தம். அதனால்தான் ஜப்பானின் நல்ல இயக்குநர்கள் பலர் அங்கே தொழில் பழகினார்கள். பான்மெய் தகாஹாஷியின் படங்களில் ஓசுகி தொடர்ந்து வந்தார். 1984இல் மசாயுகி சுவோ தன் முதல் படத்தை அந்தச் சந்தைக்காகவே எடுத்தார். பின்னாளில் நடன வகுப்பில் சேரும் கணக்காளர் கதையை எடுத்து உலகப் புகழ் பெற்றவர் இவர்தான். அந்த முதல் படம் பழம்பெரும் இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் பாணியை அச்சு அசலாகப் பின்பற்றும் குறும்பு. தரையோடு ஒட்டிய கேமரா, அசையாத சட்டகம், மகனுக்குக் கல்யாணம் முடித்துவிட்டு மெல்லப் புன்னகைக்கும் வயதான தகப்பன். அந்தத் தகப்பன் ஓசுகி. அப்போது அவருக்கு முப்பத்து மூன்று வயதுகூட நிறையவில்லை! சுவர்களுக்கு அந்தப் பக்கம் என்ன நடக்கிறது என்று தெரிந்தும் தெரியாத பாவனையில் அவர் உட்கார்ந்திருப்பதைப் பார்த்தால் சிரிப்பும் வரும், சற்றுப் பரிதாபமாகவும் இருக்கும்.

1988இல் டென்கேய் கெகிஜோ கலைக்கப்பட்டது. ஓசுகிக்கு வயது முப்பத்தாறு. நாடகக் குழுவும் இல்லை, ஸ்டூடியோ ஒப்பந்தமும் இல்லை, குடும்பம் மட்டும் இருந்தது. இந்தக் காலத்தில் அவரைக் காப்பாற்றியது வீடியோ கடை. 1989இல் தோயெய் நிறுவனம் திரையரங்குக்கே போகாமல் நேராக வாடகை வீடியோவாக வெளிவரும் படங்களைத் தொடங்கியது. 'வி சினிமா' என்று பெயர். மற்ற நிறுவனங்களும் பின்தொடர்ந்தன. துப்பாக்கி, யாகுசா, கடன் வசூல், சூதாட்டம் என்று எடுத்துக் குவித்தார்கள். 'கியூர்' எடுத்த கியோஷி குரோசவாவும் 'ஆடிஷன்' எடுத்த தகாஷி மீகேயும் இங்கே வேலை செய்து பழகியவர்களே. அத்தகைய படங்களில் ஓசுகி எத்தனையில் வந்தார் என்று எண்ணிக்கொண்டிருப்பதில் பயனில்லை. பலவற்றைப் பார்த்தே ஆக வேண்டிய கட்டாயமும் இல்லை.

அடுத்து வந்தது 'சோனாட்டீன்'. தகேஷி கிடானோவின் நான்காவது படம், 1993. இதற்கான தேர்வுக்குப் போனபோது கிடானோ தன்னைச் சில நொடிகள்தான் பார்த்தார் என்று ஓசுகி பிற்காலத்தில் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார். வேடம் கிடைத்தது. ஆனால் மிகச் சிறியது. கும்பல் ஒகினாவாவுக்குப் புறப்படும்போது இவர் கதையிலிருந்து கழன்றுவிட வேண்டும். அந்நிலையில், அலுவலகத்தில் உட்கார்ந்து கடன்காரரைத் தொலைபேசியில் மிரட்டும் காட்சி ஒன்று. வசனத்தை அவரே இட்டுக்கட்டிப் பேச வேண்டும். பேசினார். கிடானோவுக்குப் பிடித்துவிட்டது. ஒகினாவாவுக்கும் வாருங்கள் என்று கூப்பிட்டுவிட்டார். கதையில் அடியாள் தலைவன் முரகாவாவுக்கு அடுத்த நிலையில் இருக்கும் கதகிரி என்ற பாத்திரம் படம் நெடுக நீண்டது இப்படித்தான்.

அந்தக் கதகிரியை மறுபடி பாருங்கள். தலைவர்கள் போட்ட உத்தரவால் தென்கோடித் தீவுக்கு வந்து, ஆட்கள் செத்துக்கொண்டிருக்க, மீதிப்பேர் கடற்கரை வீட்டில் ஒளிந்திருக்கிறார்கள். பொழுது போகவில்லை. காகித சுமோ, மணலில் நிஜ சுமோ, இரவில் வாணவெடிச் சண்டை. இளைஞர்கள் இருவர் குழந்தைகளாகவே மாறிவிடுகிறார்கள். முரகாவா சாவை ஏற்கெனவே தீர்மானித்துவிட்டதால் அவனுக்கும் கவலை இல்லை. கதகிரிக்கு மட்டும் இது இன்னும் வேலை. தலைமையிடமிருந்து தகவல் வந்ததா, அடுத்து என்ன என்ற கவலை அவர் நிற்கும் விதத்தில் இருக்கிறது. விளையாட்டில் சேர்வதா வேண்டாமா என்ற நடுத்தர வயதுத் தயக்கமும் இருக்கிறது. பிறகு அந்த லிஃப்ட் காட்சி. கூண்டுக்குள் இரு தரப்பும் ஒருவரையொருவர் அடையாளம் கண்டுகொள்ள, துப்பாக்கிகள் வெடிக்கின்றன. ஓட இடமில்லை, ஒதுங்கவும் இடமில்லை. முகங்களில் எந்தக் கொந்தளிப்பும் இல்லை. தோயெய்க் காலத்து நடிகராக இருந்தால் அங்கே அலறியிருப்பார். ஒத்திகை அதிகம் இல்லாமல், பெரும்பாலும் முதல் டேக்கையே வைத்துக்கொள்பவர் கிடானோ. மௌன மேடையில் பதினான்கு ஆண்டுகள் இருந்தவர் அவருக்குக் கிடைத்தது இரண்டு பேருக்குமே அதிர்ஷ்டம்.

காலமும் இதற்கு ஒத்துழைத்தது. 1992 மார்ச்சில் ஜப்பானில் கும்பல் ஒழிப்புச் சட்டம் அமலுக்கு வந்தது. ரியல் எஸ்டேட், பங்குச் சந்தைக் குமிழி அப்போதுதான் உடைந்திருந்தது. வாள் ஏந்திய மானஸ்தர்களாக யாகுசாக்களைக் காட்டும் காலம் மலையேறிவிட்டது. அவர்களும் நிறுவன ஆட்கள்தான், நிலுவையை வசூலிக்கிறார்கள், மேலிடத்துக்குப் பங்கு கட்டுகிறார்கள் என்பது எல்லோருக்கும் தெரிந்துபோயிற்று. அந்த யாகுசாவுக்குச் சிங்கம் போன்ற முகம் தேவைப்படவில்லை.

'சோனாட்டீன்' ஜப்பானில் ஓடவில்லை. வெளிநாட்டில்தான் பேர் வாங்கியது. ஓசுகிக்கு அதுவே போதுமானதாக இருந்தது. அதற்குப் பின் அவர் நிற்காமல் நடித்தார். 1997ஆம் ஆண்டை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். 'ஹனா-பி', 'கியூர்', 'போஸ்ட்மேன் ப்ளூஸ்' மூன்றும் அந்த ஆண்டின் படங்கள். கடைசியாகச் சொன்னதில், புற்றுநோயில் செத்துக்கொண்டிருக்கும் கூலிக் கொலையாளி ஜோவாக வருகிறார். ஒரு தபால்காரரைப் போதைப்பொருள் கடத்துபவர் என்று போலீஸ் தவறாக நினைத்துத் துரத்தும் கதை அது. சாபு இயக்கிய இந்தப் படம் இன்று அதிகம் பேசப்படுவதில்லை என்பது எனக்கு வருத்தமே.

'கியூர்' படத்தில் அவருக்குச் சில நிமிடங்கள்தான். காவல் துறை மேலதிகாரி ஃபுஜிவாரா. பிறரைக் கொலை செய்யத் தூண்டும் நினைவிழந்த இளைஞன் மமியாவை அதிகாரிகள் வரிசையாக உட்கார்ந்து விசாரிக்கிறார்கள். மமியா திருப்பிக் கேட்கிறான்: நீங்கள் யார்? பதவியையும் பெயரையும் சொல்கிறார் ஃபுஜிவாரா. அதையே அப்படியே திருப்பிச் சொல்லிவிட்டு மறுபடி கேட்கிறான்: சரி, நீங்கள் யார்? ஃபுஜிவாராவிடம் வேறு பதில் இல்லை. ஓசுகியின் முகத்தில் முதலில் எரிச்சல் வருகிறது, பிறகு எரிச்சலுக்கு அடியில் ஏதோ ஒன்று காலியாகிறது. கத்தவில்லை, மேசையைத் தட்டவில்லை. பதவியைக் கழற்றிவிட்டால் உள்ளே ஆள் இருக்கிறாரா என்ற கேள்வியை இதைவிடச் சுருக்கமாகக் கேட்ட காட்சி ஜப்பானியக் குற்றப் படங்களில் எனக்குத் தெரிந்து இல்லை. கோஜி யகுஷோவும் மசாட்டோ ஹகிவாராவும் சுமக்கும் படம் அது. ஆனாலும் இந்தக் காட்சி ஓசுகியுடையது.

'ஹனா-பி' நேர் எதிர்த் திசையிலிருந்து அதே இடத்துக்கு வருகிறது. ஹொரிபே என்ற துப்பறிவாளர், கூட்டாளி நிஷியை மருத்துவமனையில் இருக்கும் மனைவியைப் பார்க்க அனுப்பிவிட்டுக் காவலுக்கு நிற்கிறார். சுடப்படுகிறார். இடுப்புக்குக் கீழே செயல் இல்லை. வேலை போகிறது, மனைவியும் மகளும் விட்டுப் போகிறார்கள். கடலைப் பார்த்தபடி சக்கர நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். அமைப்பு வெளியே தூக்கிப் போட்ட மனிதர் மிச்சப் பொழுதை எப்படிக் கழிப்பது? நிஷி வண்ணங்களும் தூரிகைகளும் ஒரு தொப்பியும் அனுப்பிவைக்கிறான். ஹொரிபே பூக்கடை வாசலில் நாற்காலியை நிறுத்திப் பூக்களைப் பார்க்கிறார். பூக்கள் ஒவ்வொன்றும் மிருகங்களின் தலைகளாக மாறி ஓவியங்களாகத் திரையில் வருகின்றன. இந்த ஓவியங்கள் எல்லாம் கிடானோவே வரைந்தவை. 1994இல் மோட்டார் சைக்கிள் விபத்தில் முகம் சிதைந்து பிழைத்து வந்த பிறகு வரையத் தொடங்கினார். ஆக, இயக்குநர் தன்னுடைய மிக அந்தரங்கமான அனுபவத்தைத் தூக்கி ஓசுகியின் கையில் கொடுத்திருக்கிறார். தனக்கு எழுதிக்கொண்ட நிஷி வேடத்தைவிட இது அவருக்கு நெருக்கமானது என்பது என் எண்ணம்.

பூக்கடைக் காட்சியில் ஓசுகி செய்வது பார்ப்பது மட்டும். கண் விரிவதில்லை, உதட்டில் புன்னகை இல்லை. தூரிகையை எடுக்கத் துணிகிறார் என்பது அவர் பூவிலிருந்து பூவுக்குப் பார்வையை நகர்த்தும் வேகத்தில் தெரிகிறது. பிறகு பனி இரவை வரைந்து, அதன் மேல் 'பனி', 'ஒளி' என்ற எழுத்துகளை நிறைத்து, குறுக்கே சிவப்பில் 'தற்கொலை' என்று எழுதும்போதும் அதே நிதானம். படம் வெனிஸ் விழாவில் தங்கச் சிங்கம் வென்றது. ஓசுகிக்கு ஜப்பானில் சிறந்த துணை நடிகர் விருதுகள் வந்தன. நாற்பத்தைந்து வயதைத் தாண்டிய பிறகுதான் பெயர் முகத்தோடு ஒட்டியது.

2000இல் கிடானோவின் 'பிரதர்'. லாஸ் ஏஞ்சலஸில் நடக்கும் பகுதிகளைவிட ஜப்பானில் நடக்கும் சிறு பகுதிதான் எனக்கு முக்கியம். கும்பல் தோற்றுக் கலைகிறது. ஹராடா என்ற பாத்திரம், அதாவது ஓசுகி, பிழைப்புக்காக எதிரிக் கும்பலில் சேர்கிறார். அவர்களுடைய விருந்தில் ஒருவன் இவருடைய விசுவாசத்தைச் சந்தேகித்துக் குத்திப் பேசுகிறான். ஹராடா கத்தியை எடுத்துத் தன் வயிற்றையே கிழித்துக் காட்டுகிறார். உள்ளே கள்ளம் இருக்கிறதா பாருங்கள் என்பது பொருள். காட்சி குரூரமானது. ஆனால் நிறுவனங்கள் இணையும்போது பழைய நிறுவனத்தின் மேலாளர் புதிய முதலாளிகள் முன்னால் படும் அவமானம் தெரிந்தவர்களுக்கு அது அந்நியமாக இருக்காது. ஓசுகி அதைச் செய்யும்போது வீரம் தெரிவதில்லை. வேறு வழி தெரியாத ஆளின் களைப்புத் தெரிகிறது. பழைய வாள் படங்களின் வயிற்றுக் கிழிப்பையும் இதையும் ஒப்பிட்டுப் பாருங்கள்.

2000க்குப் பிறகு வந்த பத்து, பதினைந்து ஆண்டுகளை விரைவாகக் கடக்கலாம். தொலைக்காட்சித் தொடர்களில் தந்தை, துறைத் தலைவர், மருத்துவர், அரசியல்வாதி என்று எங்கும் இருந்தார். 2010இல் ஜப்பானின் பொதுத் தொலைக்காட்சியான என்.எச்.கே.யின் காலைத் தொடர் ஒன்றில் கதாநாயகியின் கண்டிப்பான அப்பாவாக வந்தபோது, யாகுசா படம் பார்க்காத பாட்டிகளுக்கும் அவரைத் தெரிந்துவிட்டது. சுருள் வடிவங்களின் மேல் பைத்தியம் பிடித்து மாய்ந்துபோகும் குடும்பத் தலைவராக 2000இல் ஒரு திகில் படத்தில் நடித்ததையும் சொல்லியாக வேண்டும். அது குற்றப் படம் இல்லை, இருந்தாலும் விடமுடியவில்லை. சொந்த மாகாணத்துக் கால்பந்து அணியான டொகுஷிமா வோர்ட்டிஸின் தீவிர ஆதரவாளர். 2016இல் 'ஷின் காட்ஸில்லா' படத்தில் ஜப்பானின் பிரதமரே ஆகிவிட்டார். அந்த மிருகம் கரையேறாது என்று நிருபர்களிடம் அவர் உறுதி சொல்லிக்கொண்டிருக்கும்போதே கரையேறிவிட்டது என்று செய்தி வரும். உச்சிப் பதவியில் உட்கார்ந்தும் நடு ஆளின் தலைவிதி அவரை விடவில்லை.

2017இல் 'அவுட்ரேஜ் கோடா'. கிடானோ யாகுசாக்களைப் பற்றி எடுத்த மூன்று பாக வரிசையின் கடைசிப் படம். ஓசுகி இதில் ஹனபிஷி கும்பலின் தலைவர் நொமுரா. முந்தைய தலைவரின் மருமகன். பங்குத் தரகு நிறுவனத்தில் வேலை பார்த்தவர், சிறைக்குப் போகாதவர். பணத்தைக் கொண்டு வா என்று பழைய அடியாட்களைக் கணக்காளர் தோரணையில் விரட்டுகிறார். அவர்களோ, இவனெல்லாம் யாகுசாவா என்று பல்லைக் கடிக்கிறார்கள். 2011க்குள் ஜப்பானின் எல்லா மாகாணங்களிலும் கும்பல்களோடு தொழில் செய்வதையே தடுக்கும் உள்ளூர் விதிகள் வந்துவிட்டன. பணத்தைச் சத்தமில்லாமல் புரட்டத் தெரிந்தவனுக்கே இனி மதிப்பு என்ற உண்மை நொமுராவுக்குப் புரிந்திருக்கிறது, மற்றவர்களுக்குப் புரியவில்லை. ஓசுகி இந்த ஆளைக் கோமாளியாக்கவில்லை. பட்டுக் கோட்டும் கடுகடுப்பும் இருந்தாலும், தன்னை மதிக்காதவர்கள் நடுவே தலைமை இருக்கையில் உட்கார்ந்திருப்பவரின் பதற்றம் முழுக்க இருக்கிறது. முடிவில் கழுத்து வரை சாலையில் புதைக்கப்பட்டு, வரும் காருக்காகக் காத்திருக்கிறார். கடன்காரரைத் தொலைபேசியில் மிரட்டிய வேடத்தில் கண்டெடுத்த இயக்குநர், கால் நூற்றாண்டு கழித்துத் தலைவராக்கி இப்படி அனுப்பிவைத்தார்.

அதே ஆண்டு ஜனவரியில் தொலைக்காட்சி டோக்கியோவில் 'பைபிளேயர்ஸ்' தொடங்கியது. இரவு நேரத் தொடர். ஆறு குணச்சித்திர நடிகர்கள் தங்கள் சொந்தப் பெயரிலேயே வந்து ஒரே வீட்டில் சேர்ந்து வாழ்வதாகக் கதை: ஓசுகி, கெனிச்சி எண்டோ, டொமொரோவோ டகுச்சி, சுசுமு தெராஜிமா, யுட்டகா மட்சுஷிகே, கென் மிட்சுயிஷி. இவர்கள் எல்லோரையும் நீங்கள் யாகுசாவாகவோ போலீஸாகவோ பார்த்திருப்பீர்கள். 'சோனாட்டீன்' கடற்கரையில் விளையாடிய இளைஞர்களில் ஒருவர் இந்தத் தெராஜிமாதான். எத்தனையோ படங்களில் ஒருவரையொருவர் சுட்டுக்கொன்றவர்கள் பாத்திரம் கழுவும் முறைக்காகச் சண்டை போடுவதைப் பார்ப்பதே ஆனந்தம். துணை வேடக்காரர்களுக்காகவே ஒரு தொடரை எடுக்கலாம், அதற்கும் ஆள் சேரும் என்பதை அது காட்டியது.

இரண்டாம் பருவம் 2018 பிப்ரவரியில் ஒளிபரப்பாகிக்கொண்டிருந்தபோதே படப்பிடிப்பும் நடந்தது. பிப்ரவரி 20 அன்று சிபா மாகாணத்தில் இரவு வரை நடித்துவிட்டு விடுதிக்குத் திரும்பிய ஓசுகி வயிறு வலிக்கிறது என்றார். மட்சுஷிகே கூடவே மருத்துவமனைக்குப் போனார். 21ஆம் தேதி அதிகாலையில் திடீர் இதயச் செயலிழப்பில் இறந்தார். வயது 66. கூட நடித்த நண்பர்கள் பக்கத்தில் இருந்தார்கள். எடுத்தவரை வைத்துக் கதையைச் சரிசெய்து தொடரை இறுதி வரை ஒளிபரப்பினார்கள். 2021இல் டைகோ மட்சுய் இயக்கத்தில் நூறு துணை நடிகர்கள் வருவதாக அது திரைப்படமாகவும் வந்தது.

அவர் இறந்து சில மாதங்கள் கழித்து, 2018 அக்டோபரில் வெளியான படம் 'கியோகைஷி'. டாய் சாக்கோ இயக்கியது. ஓசுகி முதலும் கடைசியுமாகத் தயாரிப்பில் பங்கெடுத்த படம், கதாநாயகனும் அவரே. மரண தண்டனைக் கைதிகளைச் சந்தித்துப் பேசும் சிறைப் பாதிரியார் சயெகி. கிட்டத்தட்ட முழுப் படமும் ஓர் அறை, ஒரு மேசை, எதிரே ஒரு கைதி. ஆறு கைதிகள் மாறி மாறி வருகிறார்கள். ஒருவர் பேசவே மாட்டார், ஒருவர் நிறுத்தமாட்டார், பதினேழு பேரைக் கொன்ற ஓர் இளைஞன் பாதிரியாரை வாதத்தில் மடக்கப் பார்க்கிறான். அரசு அமைப்பும் கைதியும் சந்திக்கும் அந்த மேசையில் சயெகி இரண்டு பக்கமும் சேராதவர். பிரார்த்தனை சொல்ல அனுமதி உண்டு, எதையும் மாற்ற அதிகாரம் இல்லை. எதிரே யாகுசா தலைவராக உட்கார்ந்திருப்பவர் 'பைபிளேயர்ஸ்' நண்பர் மிட்சுயிஷி. குழைந்து பேசும் அந்தத் தலைவர் மெல்ல மெல்லப் பாதிரியாரிடம் என்ன எதிர்பார்க்கிறார் என்று தெரியவரும்போது ஓசுகி பதில் சொல்வதற்கு முன் எடுத்துக்கொள்ளும் நேரத்தைக் கவனியுங்கள். அந்த நேரத்தை ஷோகோ ஓட்டாவின் மேடையில் கற்றுக்கொண்டிருக்கிறார்.

நீங்கள் ஏற்கெனவே பார்த்த மூன்றை விட்டுவிட்டால், அடுத்து 'ஹனா-பி' பாருங்கள். பிறகு 'பிரதர்' படத்தின் ஜப்பான் பகுதி. 'அவுட்ரேஜ் கோடா'வை அதன் முந்தைய இரண்டு பாகங்களைப் பார்க்காமல் தொடங்கினால் யார் யாருக்கு என்ன பகை என்றே பிடிபடாது. அவற்றில் ஓசுகி இல்லை என்றாலும் பொறுத்துக்கொண்டு பாருங்கள். 'கியோகைஷி'யைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளலாம். சுவோவின் முதல் படத்தைத் தேடினால் குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்க வேண்டாம், அவ்வளவுதான் என் எச்சரிக்கை. ஓசுவின் படங்கள் இரண்டு மூன்றாவது பார்த்திருந்தால்தான் அதன் நகைச்சுவையும் முழுதாகக் கிடைக்கும்.